உருக்குக் கோதும் பித்தளைக் கோதும்: கைத்துப்பாக்கித் தோட்டாவின் வரலாறு பற்றிய சில சிந்தனைகள்

முந்தலில் இரும்பு நெடுநாள் நிலைப்பதில்லை. சிலாபத்திலிருந்து புத்தளம் செல்லும் வீதியில், களப்புக்கும் தென்னந்தோட்டங்களுக்கும் இடையே அமைந்த இவ்வூரில் வாழ்பவர்க்கு இது சொல்லித் தெரியவேண்டிய செய்தியன்று. சன்னற் கம்பி, சைக்கிள் வளையம், கிணற்றுக் கப்பி யாவற்றையும் உப்புக் காற்று சில ஆண்டுகளுக்குள் தின்றுவிடும். எங்கள் வீட்டு மரப்பெட்டியொன்றில் என் பாட்டனார் காலத்து வேட்டைத் துவக்கின் வெற்றுத் தோட்டாக்கள் இரண்டு கிடந்தன. துவக்கு எப்போதோ கையளிக்கப்பட்டுவிட்டது. தோட்டத்துக்கு வரும் பன்றியை விரட்டுவதற்காகப் பெற்ற அனுமதிப் பத்திரமும் தொலைந்துவிட்டது. எஞ்சிய இரு கோதுகளில் ஒன்று முழுவதும் பித்தளையாலானது. பச்சைக் களிம்பு ஏறியிருந்தபோதும் வடிவங் குலையாதிருந்தது. மற்றையது பிற்காலத்தது. பார்வைக்குப் பித்தளையெனத் தோன்றிய அதன் அடிப்பாகம் உண்மையிற் பித்தளைப் பூச்சிட்ட இரும்புத் தகடு என்பதை, தொட்டபோது கையிற் படிந்த செந்துகள் உணர்த்திற்று.

இவ்விரு கோதுகளுக்கும் இடையிலுள்ள வேறுபாடு எங்கிருந்து வந்தது என்னும் வினாவே இக்கட்டுரைக்குத் தோற்றுவாயாகும். துப்பாக்கி பற்றி எழுதுவோர் பெரும்பாலும் அதனை ஒரு கருவியாகவே நோக்குவர். உருக்குக் கோதுடைய தோட்டாவைக் கைத்துப்பாக்கியிற் பயன்படுத்தலாமா, அது கருவிக்கு ஊறு செய்யுமா, பித்தளையே சிறந்ததா என்ற விவாதம் அத்தகையோரிடையே பல்லாண்டுகளாக நடந்துவருகின்றது. அவ்விவாதம் பொருளற்றதன்று, அதனை முதலில் விளங்கிக்கொள்ளல் வேண்டும். ஆயின் அவ்விவாதத்தில் எழுப்பப்படாத வினாவொன்றுண்டு. பித்தளையே பொருத்தமானது என்று 19ஆம் நூற்றாண்டிலேயே நிலைநாட்டப்பட்ட பின்னர், உருக்குக் கோது ஏன் தோன்றிற்று? யாருக்கு, எப்போது, எந்த நெருக்கடியில் அது தேவைப்பட்டது? இவ்வினாவைத் தொடர்ந்து செல்வோமாயின், முந்தல் அடங்கிய இதே வடமேல் மாகாணம் எதிர்பாராத இடமொன்றில் நம்மை எதிர்கொள்ளும்.

சொற்களிலிருந்து தொடங்கலாம். தமிழகத்தார் துப்பாக்கி என்பதனை இலங்கைத் தமிழர் துவக்கு என்பர். சிங்களவர் துவக்குவ என்பர். இரண்டும் துருக்கியச் சொல்லொன்றின் வழிவந்தவை என அகராதியார் கூறுவர். தோட்டா என்பது உருது வழியாக வந்தது. ஆக, கருவியும் அதன் உணவும் அந்நியச் சொற்களாலேயே வழங்குகின்றன. ஆனால் சுட்டபின் வெளியே விழும் வெற்றுக் குடுவைக்கு மட்டும் நம்மவர் தூய தமிழ்ச் சொல்லொன்றை வழங்கினர். அதுவே கோது. சாறு பிழிந்தபின் எஞ்சும் சக்கை, புளியம்பழத்தின் ஓடு என்பன அதன் பழம்பொருள்கள். குற்றம் என்றும் ஒரு பொருளுண்டு. சாரம் போனபின் எறியப்படுவதே கோது. எறியப்படும் இப்பொருளைச் செய்வதற்காகக் கண்டங்கள் தோண்டப்பட்டன என்பதே வியப்பு.

கோதின் தொழில் யாது? மருந்தையும் சன்னத்தையும் ஒன்றாகப் பிடித்து வைத்தல் அதன் முதற் பணி. அதனினும் முக்கியமான பணியொன்றுண்டு. மருந்து எரிந்து அழுத்தம் உச்சமடையும் கணத்தில் கோது விரிந்து, தோட்டா அறையின் சுவரோடு ஒட்டிக்கொள்ள வேண்டும். இல்லையெனிற் சூடான வாயு பின்புறமாக வெளியேறும். அடுத்த கணத்தில், சன்னம் குழலைவிட்டு நீங்கி அழுத்தம் தணிந்ததும், அது மீளச் சுருங்கிச் சுவரை விட்டு விலகவும் வேண்டும். அன்றேல் வெற்றுக் கோதினைப் பற்றி இழுக்கும் கொக்கி அதனை வெளியேற்ற மாட்டாது. விரிதலும் சுருங்குதலுமாகிய இவ்விரு முரணான கடமைகளையும் நொடியின் ஆயிரத்திலொரு பங்கு காலத்துள் நிறைவேற்றவல்ல உலோகமாகப் பித்தளை அமைந்தது. செம்பு 70 பங்கும் நாகம் 30 பங்கும் சேர்ந்த கலவை இதற்கென்றே தெரிந்தெடுக்கப்பட்டது. உருக்கு பித்தளையைவிட ஏறத்தாழ இருமடங்கு விறைப்புடையது. எனவே அது சுவரோடு அத்துணை நன்றாகப் பொருந்துவதில்லை. விரிந்தபின் அத்துணை எளிதாகச் சுருங்குவதுமில்லை. பொருந்தாத இடைவெளியிற் புகைக்கரி படியும். உருக்குத் தோட்டாக்களைத் தொடர்ந்து சுட்டபின், சுத்தஞ் செய்யாது அதே துப்பாக்கியிற் பித்தளைத் தோட்டாவை இட்டால், கரி படிந்து ஒடுங்கிய அறையில் அது இறுகிக்கொள்வதுண்டு. பலர் இதற்கு உருக்குக் கோதின் அரக்குப் பூச்சு உருகி ஒட்டிக்கொள்வதே காரணமென்பர். உண்மையிற் பெரும்பங்கு கரிக்கே உரியது.

மற்றொரு மயக்கமும் ஈண்டு நீக்கப்படல் வேண்டும். உருக்குக் கோது குழலைத் தேய்த்துவிடும் என்பர். கோது குழலினூடாகச் செல்வதேயில்லை. அது அறையிலேயே நின்றுவிடுகிறது. குழலைத் தேய்ப்பது சன்னத்தின் மேலுறை. மலிவான தோட்டாக்களிற் கோது உருக்காயிருப்பது போலவே சன்னத்தின் உறையும் செம்புப் பூச்சிட்ட உருக்காக இருப்பது வழக்கம், குற்றம் அதனுடையது. கோதினால் விளையும் தேய்வு கொக்கிக்கும் அறைக்கும் மட்டுமே. கைத்துப்பாக்கியைப் பொறுத்தவரையில் அதுவும் பெரிதன்று. நீண்ட துவக்கோடு ஒப்பிடுகையிற் கைத்துப்பாக்கித் தோட்டாவின் அழுத்தம் குறைவு, கோதும் குட்டையானது. 9 மில்லிமீற்றர்ப் பரபெல்லம் தோட்டாவின் கோது வாய்ப்புறம் சற்றே ஒடுங்கிச் செல்வது. ஆதலால் சிறிது பின்னகர்ந்ததுமே சுவரைவிட்டு விடுபடுகின்றது. சுழல்துப்பாக்கியின் நிலை வேறு. அங்கே ஐந்தாறு கோதுகளை ஒருங்கே கையால் தள்ளி வெளியேற்ற வேண்டும். சுருங்க மறுக்கும் உருக்குக் கோதுகள் ஆறும் ஒருமித்து ஒட்டிக்கொண்டால், சுட்டவன் கையில் எஞ்சுவது ஓர் இரும்புத் துண்டே. உருக்குக் கோது தன்னியக்கக் கைத்துப்பாக்கியின் காலத்தில் வேரூன்றியதற்கும் சுழல்துப்பாக்கியிற் பரவாமற் போனதற்கும் இதுவும் ஒரு காரணமெனலாம்.

ஆக, தொழில்நுட்ப நிலையில் விடை தெளிவானது: உருக்குக் கோது பயன்படும், பித்தளைபோல் நன்றாகப் பயன்படாது. அவ்வாறாயின் ஏன் அது கோடிக்கணக்கிற் செய்யப்பட்டது?

பித்தளைக் கோதின் வரலாறு பேரரசின் வரலாற்றோடு பிரிக்கவியலாதது. 1857இல் வட இந்தியச் சிப்பாய்கள் பல்லாற் கடித்துத் திறக்க மறுத்த தோட்டா, கொழுப்புப் பூசிய காகிதத்தாலானது. அதன் பின்னர்ப் பத்தாண்டு கழியுமுன், பிரித்தானியப் படையின் சினைடர்த் துவக்குக்கென 1866இல் பொக்சர் என்பாரின் தோட்டா வழக்கிற்கு வந்தது. மெல்லிய பித்தளைத் தகட்டைச் சுருட்டி, இரும்பாலான அடித்தட்டிற் பொருத்திச் செய்யப்பட்டது அது. இரும்பும் பித்தளையும் அங்கேயே ஒன்றுகூடி நின்றமை மனங்கொள்ளத்தக்கது. 1885இல் சூடானியப் போர்க்களங்களில் வெப்பத்தாலும் மணலாலும் இச்சுருட்டற் கோதுகள் கிழிந்து, மார்ட்டினி ஹென்றித் துவக்குகளின் அறைக்குள் இறுகிக்கொண்டன. ஒரே பித்தளைத் துண்டிலிருந்து இழுத்து வார்ப்பிக்கப்படும் கோதே இனி ஏற்றது என்ற முடிவு அதன்பின் உறுதிப்பட்டது. அடுத்த பத்தாண்டின் பிற்பாதியிற் கல்கத்தாவை அடுத்த டம்டம் ஆயுதசாலையிற் சன்னத்தின் நுனியுறையை நீக்கி, உடலுட் புகுந்ததும் விரியும் வகை செய்தனர். எல்லைப்புற மக்களைச் சாதாரணச் சன்னம் தடுத்து நிறுத்துவதில்லை என்பது சொல்லப்பட்ட காரணம். 1899இல் ஹேக் மாநாடு அதனைத் தடைசெய்தபோது பிரித்தானியா எதிர்த்து நின்றது. அமெரிக்கரின் வரலாறும் இதற்கு நெருங்கியதே. பிலிப்பைன்சில் மோரோ மக்களுக்கு எதிரான போரிற் சிறிய சுழல்துப்பாக்கி போதவில்லை எனக் கண்டு, 1911இல் .45 அளவுடைய தன்னியக்கக் கைத்துப்பாக்கியை அவர்கள் ஏற்றனர். இத்தோட்டா மீண்டும் நம் கதையில் வரும்.

கைத்துப்பாக்கி பற்றிக் கூறுகையில் அதன் வர்க்கத் தன்மையையும் ஒருவாறு சுட்டுதல் தகும். நீண்ட துவக்கு சிப்பாயின் கருவி. வேட்டைக்காரனதும் கமக்காரனதும் கருவியுமாகும். கைத்துப்பாக்கி அதிகாரியின் இடையில் தொங்குவது. களத்தில் அது எதிரியை நோக்கி நீண்டதைக் காட்டிலும், பின்வாங்கும் தன் சிப்பாயை நோக்கி நீளக்கூடும் என்ற அச்சத்தினாலேயே பெரிதும் வேலை செய்தது. முந்தல் போன்ற ஊர்களில் துவக்கைப் பார்த்திராதவர் இலர். கைத்துப்பாக்கியைப் பார்த்தவரோ, அதை வைத்திருந்தவனுக்கு முன்னால் நிற்க நேர்ந்தவராகவே பெரும்பாலும் இருப்பர்.

பித்தளை எங்கே உருக்கப்பட்டது? இக்கேள்வியே நம்மை வீட்டுக்குத் திருப்பி அழைத்துவருகிறது. 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலும் முதலாம் உலக யுத்தக் காலத்திலும் பித்தளை உருக்கப்பட்டது மூசையில். சாதாரண மண்மூசை அவ்வெப்பத்தை நெடிது தாங்காது. காரீயங் கலந்த மூசையே தாங்கும். அதற்குரிய காரீயங்களில் மிக உயர்ந்ததெனக் கருதப்பட்டது இலங்கையினது. லண்டனின் பற்றர்சீப் பகுதியில் இயங்கிய மோர்கன் மூசைக் கம்பெனியும், அமெரிக்காவின் ஜெர்சி நகரத்து டிக்சன் மூசைக் கம்பெனியும் இலங்கைக் காரீயத்தைப் பெருமளவில் வாங்கின. (தமிழகத்தில் காரீயம் என்றால் சன்னம் வார்க்கும் ஈயத்தைக் குறிக்கும், இலங்கையில் அது பென்சிற்கரியைக் குறிக்கும். ஆங்கிலேயர் வழங்கிய பிளம்பாகோ என்ற பெயரிலும் ஈயத்தின் இலத்தீன் பெயரே ஒளிந்திருக்கிறது. உலோகமல்லாத ஒரு கரியை உலோகமென மயங்கியமை மொழி கடந்த பிழைபோலும்.)

அக்காரீயம் கிடைத்த இடங்களுட் சிறந்தவை கஹட்டகஹ, கொலொங்கஹ என்னுஞ் சுரங்கங்கள். அவை குருநாகல் மாவட்டத்தில், அதாவது முந்தல் அடங்கிய வடமேல் மாகாணத்தில் உள்ளன. 1845இல் இம்மாகாணம் உருவாக்கப்பட்டபோது அதன் தலைநகராகப் புத்தளமே விளங்கிற்று. பின்னரே குருநாகலுக்கு மாறியது. கரையோரத்தார் உப்பையும் கொப்பறாவையும் அளித்துக்கொண்டிருக்க, உள்நாட்டார் கயிற்றிலும் மூங்கிலேணியிலும் தொங்கி இறங்கிக் கருங்கல்லை மேலே கொணர்ந்தனர். 1916இல் காரீய ஏற்றுமதி முப்பதினாயிரம் தொன்னைக் கடந்து உச்சத்தை எட்டிற்று. அது சோம் நதிப் போர் நடந்த ஆண்டு. ஐரோப்பிய அகழிகளில் விழுந்த பித்தளைக் கோதுகளின் எண்ணிக்கைக்கும் குருநாகற் காட்டிற் கிண்டப்பட்ட குழிகளின் ஆழத்துக்கும் நேர்த்தொடர்பு இருந்தது என்பது மிகைக் கூற்றன்று.

இலாபம் எவரைச் சேர்ந்தது? தேயிலையைப் போலன்றிக் காரீயத்தில் உள்நாட்டு முதலாளிகளுக்குப் பெரும்பங்கு இருந்தது. முதலியார் அத்திகலவும் தொன் ஸ்பேட்டர் சேனநாயக்காவும் அத்தொழிலிற் பெருஞ்செல்வம் ஈட்டியவர்கள். அத்திகலவின் மகளிர் மூவருள் ஒருவர் எவ்.ஆர். சேனநாயக்காவையும், ஒருவர் மூத்த ஜோன் கொத்தலாவலையையும், ஒருவர் ரி.ஜி. ஜயவர்த்தனாவையும் மணந்தனர். சுதந்திர இலங்கையின் முதல் மூன்று பிரதமர்களான டி.எஸ். சேனநாயக்கா, டட்லி சேனநாயக்கா, சேர் ஜோன் கொத்தலாவலை ஆகியோர் இக்குடும்ப வட்டத்துக்குள்ளேயே அடங்குவர். நமது தேசிய முதலாளித்துவத்தின் பிறப்பைத் தேங்காயிலும் சாராயக் குத்தகையிலும் தேடிய ஆய்வாளர்கள், தோட்டாவுக்கும் அதற்குமிருந்த இவ்வுறவைப் போதியளவு கவனித்தாரல்லர்.

உறவின் முரண்பாடு விரைவிலேயே வெளிப்பட்டது. 1915 மே மாத இறுதியிற் கண்டியில் முஸ்லிம்களுக்கு எதிராகத் தொடங்கிய வன்செயல்கள் பிற பகுதிகளுக்கும் பரவின. குடியேற்ற அரசு இராணுவச் சட்டத்தைப் பிறப்பித்தது. முஸ்லிம்களின் கடைகளும் பள்ளிகளும் எரிந்தபோது தாமதித்த அரசு, அடக்குமுறையில் அளவு கடந்தது. விசாரணையின்றியும் சுட்டுக் கொன்றனர். இராணுவ நீதிமன்றத் தீர்ப்பின்படி ஹென்றி பேதிரிஸ் 1915 ஜூலை 7இல் சுட்டுக்கொல்லப்பட்டார். எவ்.ஆர். சேனநாயக்காவும் டி.எஸ். சேனநாயக்காவும் சிறையிலடைக்கப்பட்டனர். தம் சுரங்கத்துக் காரீயத்தால் உருக்கப்பட்டிருக்கக்கூடிய பித்தளையை, நீட்டப்பட்ட துவக்கின் எதிர்ப்புறத்தில் நின்று அவ்வர்க்கம் பார்த்தது. அடுத்த ஆண்டிலேயே 1916ஆம் ஆண்டின் 33ஆம் இலக்கச் சுடுகலன்கள் கட்டளைச் சட்டம் நிறைவேறிற்று. எவன் துவக்கு வைத்திருக்கலாம், எவன் கூடாது என்பதை அரசே தீர்மானிக்கும் அச்சட்டம், பல திருத்தங்களுடன் பின்னரும் நிலைத்தது. என் பாட்டனாரின் பத்திரமும் அதன்கீழ் வழங்கப்பட்டதே.

முப்பத்தெட்டு ஆண்டுகளின் பின் காட்சி தலைகீழாயிற்று. அரிசிப் படியொன்றின் விலையை 25 சதத்திலிருந்து 70 சதமாக உயர்த்தியதை எதிர்த்து, 1953 ஓகஸ்ட் 12இல் நடந்த ஹர்த்தாலின்போது ஆயுதப் படையினர் மக்கள்மீது சுட்டனர். பலர் மாண்டனர். அப்போது பிரதமராயிருந்தவர் டட்லி சேனநாயக்கா. அவர் ஒக்டோபரிற் பதவி விலக, பொறுப்பேற்றவர் சேர் ஜோன் கொத்தலாவலை. துவக்கின் எதிர்ப்புறத்தில் நின்ற குடும்பம் அதன் பின்புறத்துக்கு வந்துவிட்டது.

இனி உருக்குக் கோதுக்கு வருவோம். முதலாம் உலக யுத்தத்திற்கு முன் ஜெர்மனி தன் செம்பின் பெரும்பகுதியை அமெரிக்காவிலிருந்து இறக்குமதி செய்துவந்தது. பிரித்தானியக் கடற்படை கடலை மூடியதும் அவ்வழி அடைபட்டது. வீட்டுச் சமையற் பாத்திரங்களும் கதவுக் கைப்பிடிகளும் திரட்டப்பட்டன. 1917இல் தேவாலய மணிகளும் இறக்கப்பட்டன. கடவுளை அழைத்த உலோகமும் போதாதபோது, இரும்புத் தாதும் நிலக்கரியும் நிறைந்த அந்நாடு உருக்கை இழுத்துக் கோது செய்யத் தலைப்பட்டது. லூகர் என்பார் 1902இல் அமைத்து, ஜெர்மன் தரைப்படை 1908இல் ஏற்ற 9 மில்லிமீற்றர்த் தோட்டாவும் அவ்வரிசையிற் சேர்ந்தது. துருப்பிடிப்பதைத் தடுக்க அரக்குப் பூச்சு வந்தது. இரண்டாம் உலக யுத்தத்தில் இச்செய்முறை முழுமை பெற்றது. சாம்பற் பச்சையாகவும் பழுப்பாகவும் அரக்குப் பூசிய 9 மில்லிமீற்றர்க் கோதுகள் ஜெர்மன் படையின் வழமையான தோட்டாக்களாயின. உருக்குக் கோது திறமையின் குழந்தையன்று, முற்றுகையின் குழந்தை.

முற்றுகைக்கு உட்படாத அமெரிக்காவும் அதே வழியிற் செல்ல நேர்ந்ததே இக்கதையின் சுவையான பகுதி. பீரங்கிக் குண்டுகளும் விமானத் தோட்டாக்களும் மின்கம்பிகளும் ஒரே செம்புக்குப் போட்டியிட்டன. இந்தியானா மாநிலத்தின் எவன்ஸ்வில் நகரிற் காரும் குளிர்பெட்டியும் செய்த தொழிற்சாலைகள் 1942இல் கிரைஸ்லர்க் கம்பெனியின் பொறுப்பில் .45 கைத்துப்பாக்கித் தோட்டா செய்யும் ஆலையாக மாற்றப்பட்டன. பித்தளையிற் தொடங்கிய உற்பத்தி விரைவில் உருக்குக்கு மாற்றப்பட்டது. பித்தளைக்கென அமைந்த அச்சுகள் உருக்கை இழுக்கையில் வெடித்துச் சிதைந்தன. அச்சின் உலோகத்தையும், உராய்வைத் தணிக்கும் எண்ணெயையும், இழுவையின் படிகளையும் புதிதாய்க் கண்டறிய வேண்டியிருந்தது. வீட்டு வேலையிலிருந்தும் வயலிலிருந்தும் வந்த பெருந்தொகையான பெண்கள் அங்கே நாள் முழுதும் கோதுகளைப் பரிசோதித்தனர். யுத்தம் முடிவதற்குள் அவ்வாலை 300 கோடிக்கு மேற்பட்ட .45 தோட்டாக்களைச் செய்தது. அமெரிக்கா அவ்வளவிற் பயன்படுத்திய தோட்டாக்களில் நூற்றுக்குத் தொண்ணூற்றைந்துக்கு மேற்பட்டவை அவ்வொரே ஆலையிற் பிறந்தவை. 1943இல் அமெரிக்காவின் ஒரு சத நாணயமும் செம்பைக் கைவிட்டு, நாகப் பூச்சிட்ட உருக்கில் அச்சாயிற்று. கடைக்காரனின் கல்லாவிலும் படைவீரனின் இடுப்பிலும் ஒரே உலோகம், ஒரே காரணத்தால், ஒரே காலத்தில் மாறியமையைக் காண்க.

எஞ்சிய செம்பு எங்கிருந்து வந்தது என்பதையும் நோக்குதல் வேண்டும். சிலியிலிருந்தும், வட ரொடீசியாவிலிருந்தும், பெல்ஜியக் கொங்கோவின் கட்டங்காவிலிருந்தும் வந்தது. வட ரொடீசியாவின் லுவான்ஷ்யாவில் 1935இல் வரி உயர்வை எதிர்த்து வேலைநிறுத்தஞ் செய்த சுரங்கத் தொழிலாளர் ஆறு பேர் சுட்டுக்கொல்லப்பட்டனர். 1940இல் அதே செம்பு வலயத்தில் மீண்டும் சூடு நடந்தது. 1941 டிசெம்பரில் கட்டங்காவின் எலிசபெத்வில் நகரில் ஊதிய உயர்வு கேட்டவர்கள்மீது படையினர் சுட்டதிற் பலர் மாண்டனர். செம்பைத் தோண்டியவன் செம்பினாலேயே வீழ்ந்தான். சிலி 1971இல் தன் செம்புச் சுரங்கங்களை நாட்டுடைமையாக்கியது. இரண்டாண்டுகளின் பின் அங்கு நடந்தவை யாவரும் அறிந்தவை.

யுத்தத்துக்குப் பின் மேற்கு நாடுகள் பித்தளைக்கே திரும்பின. செம்பு மீண்டும் மலிவாகக் கிடைத்தது. சோவியத்து ஒன்றியம் உருக்கிலேயே நின்றது. 1951இல் ஏற்கப்பட்ட மக்கறோவ் கைத்துப்பாக்கியின் 9 மில்லிமீற்றர்த் தோட்டாவும் பெரும்பான்மை உருக்குக் கோதிலேயே வெளிவந்தது. திட்டமிட்ட பொருளாதாரத்தில் அது ஏறுமாறான முடிவன்று: சுட்டபின் கோதைப் பொறுக்கி மீள நிரப்பும் தனிமனிதன் அங்கில்லை, செம்பு மின்மயமாக்கத்துக்குத் தேவைப்பட்டது. சோசலிச நாடொன்றின் தெரிவென்பதற்காகவே அதைப் புகழவேண்டுமென்று இக்கட்டுரையாசிரியர் கருதவில்லை. கோதின் உலோகம் மாறியதால் அதிலிருந்து புறப்பட்ட சன்னம் எவரை நோக்கிப் போயிற்று என்ற வினா மாறிவிடுவதில்லை. சோவியத்து ஒன்றியம் 1991இற் கலைந்தபின், அதே ஆலைகளின் தோட்டாக்கள் அமெரிக்கச் சந்தையில் மலிவுப் பண்டமாகக் குவிந்தன. முற்றுகையிற் பிறந்தது கழிவு விலைக்கு விற்கப்படலாயிற்று. பயிற்சிக்குச் சுடுவோர் உருக்குக் கோது கைத்துப்பாக்கிக்கு ஆகுமா ஆகாதா என்று தலையைப் பிய்த்துக்கொண்ட விவாதம் இச்சந்தையிலேயே சூடுபிடித்தது. 2021இல் அமெரிக்க அரசு ரஷ்யத் தோட்டாக்களுக்குப் புதிய இறக்குமதி அனுமதி வழங்குவதை நிறுத்தியதோடு அம்மலிவும் ஆட்டங்கண்டது.

இக்கரைக்கு மீள்வோம். இரண்டாம் உலக யுத்தத்திற் புத்தளத்தில் ராஜாளிய என்ற பெயரில் பிரித்தானியக் கடற்படை விமானத் தளமொன்று இயங்கியது. சேற்றிற் புதைந்த விமானங்களை யானைகள் இழுத்த படங்கள் எஞ்சியுள்ளன. ஆயினும் இம்மாகாணம் போர்ப் பொருளாதாரத்தில் முன்பு வகித்த இடத்தை இழந்துவிட்டது. முதலாம் யுத்தக் காலத்திலேயே அமெரிக்கப் பித்தளை ஆலைகளில் மின்னுலை நுழைந்துவிட்டிருந்தது. மடகஸ்காரின் மலிவான காரீயமும் போட்டிக்கு வந்தது. 1918க்குப் பின் விலை சரிய, பல குழிகள் நீரால் நிரம்பின. முதலாளிகள் நிலத்துக்கும் அரசியலுக்கும் நகர்ந்தனர்; சுரங்கத் தொழிலாளர் எங்கு நகர்ந்தனர் என்பதை எழுதியவர் குறைவு. எஞ்சிய சுரங்கங்கள் 1971இல் அரசுடைமையாயின. அதே ஆண்டு ஏப்ரிலில் வேட்டைத் துவக்கும் கைக்குண்டுமாக எழுந்த சிங்களக் கிராமிய இளைஞரை அரசு தன்னியக்கத் துவக்குகளால் அடக்கியது. 1976 பெப்ரவரியிற் புத்தளம் பள்ளிவாசலினுள் பொலிசார் சுட்டதில் ஏழு முஸ்லிம்கள் பலியாயினர். 1990 ஒக்டோபரில் வடமாகாண முஸ்லிம்கள் ஆயுதந் தாங்கிய விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டு, கையிற் கிடைத்ததோடு இக்கரையோரத்துக்கு வந்து ஓலைக் கொட்டில்களில் ஒதுங்கினர். அந்த யுத்தத்தில் இரு தரப்பாரும் ஏந்திய சீன டைப் 56 துவக்கின் தோட்டா, செம்புப் பூச்சிட்ட உருக்குக் கோதுடையது. வெளியே செம்பு, உள்ளே இரும்பு. காரீயத்தின் வழி நாம் பங்குகொண்ட பித்தளை போய், நாம் எவ்விதத்திலும் பங்குகொள்ளாத உருக்கு வந்துசேர்ந்தது. வந்துசேர்ந்த இடம் மட்டும் மாறவில்லை.

இலக்கிய மாணவன் என்ற முறையில் ஒன்றைக் கூறவேண்டும். காரீயக் குழிகளில் இறங்கிய சிங்களத் தொழிலாளர் பாடியவை பதல் கவி எனப்படும். இருளையும் ஏணியையும் தொலைவிலுள்ள வீட்டையும் பாடும் அப்பாடல்கள் சிங்கள நாட்டார் இலக்கியத் தொகுப்புகளில் இடம்பெற்றுள்ளன. தமிழில் அவைபற்றி விரிவாக எழுதப்படவில்லை. உடப்பின் அம்பாப் பாடலையும் முந்தற் களப்பின் தோணிப் பாடலையும் சேகரிப்போர், ஒரே மாகாணத்தின் மறுமுனையில் ஒலித்த அப்பாடல்களை அவற்றோடு பக்கத்தில் வைத்துப் படித்தல் பயனுடையதாகும்.

அந்த மரப்பெட்டியின் பித்தளைக் கோதை என் பாட்டியார் பின்னர் எடுத்து, புளி போட்டுத் துலக்கி, ஊதுபத்தி செருகும் குடுவையாக வைத்துக்கொண்டார். வாய் சரியான அளவென்றார். இரும்பு அடியுள்ள மற்றையதைக் கொல்லைப்புறத்தில் எறிந்தார். ஒரு மாரி கழிந்தபின் தேடியபோது அவ்விடத்து மணல் மட்டும் சிவந்திருந்தது.